சம உயரக் கோடுகளில் மலையைப் பார்க்கக் கற்ற கதை

பள்ளி இறுதியாண்டுச் செய்முறைத் தேர்வு. 1:50,000 அளவையில் ஒரு நிலத்தோற்ற வரைபடம். ஒரே உயரமுள்ள இடங்களை இணைப்பவை சம உயரக் கோடுகள். ஆங்கில 'வி' எழுத்தைப் போல வளைந்திருந்த அவற்றைக் காட்டி, "இது என்ன?" என்றார் தேர்வாளர். மலைநீட்சி, அதாவது மலையிலிருந்து தாழ்வை நோக்கி நீளும் மேடு என்றேன். அது பள்ளத்தாக்கு. கூர்முனை உயரமான பக்கம் பார்த்தால் பள்ளத்தாக்கு, தாழ்வான பக்கம் பார்த்தால் மலைநீட்சி என்று மனப்பாடமாகத் தெரியும். எந்தப் பக்கம் உயரம் என்று கோட்டின் எண்களைத்தான் படிக்கவில்லை. மதிப்பெண் போனதைவிட, இத்தனை நாள் படித்தும் அந்தத் தாளில் ஒரு மலையையும் நான் கண்டதில்லை என்பதே உறுத்தியது.

அந்த உறுத்தலோடுதான் கல்லூரியில் புவியியல் எடுத்தேன். முதலாண்டு முழுவதும் குறுக்குவெட்டு வரைந்தோம்; நிலத்தை ஒரு கோட்டில் வெட்டிப் பக்கவாட்டில் பார்த்தால் தெரியும் மேடுபள்ளம் அது. கிடையில் 1 செ.மீ.க்கு 500 மீட்டர், செங்குத்தில் 100 மீட்டர் என்று கொண்டால் உயரம் 5 மடங்கு மிகையாகத் தெரியும்; சிறு மேடுகூடப் பாறைச் சுவராக எழும்பும். மிகை எத்தனை மடங்கு என்று படத்தின் கீழே எழுதிவிடுங்கள்.

களப்பணியில் திசைகாட்டியோடு சுற்றி, புறப்பட்ட இடத்துக்கே வந்து சேர்ந்தோம். அளந்த திசைகளைத் தாளில் வரைந்தால், கோடு தொடங்கிய புள்ளிக்கு வந்து சேரவில்லை. ஒரே கோட்டின் முன்நோக்கும் (முதல் முனையிலிருந்து பார்க்கும் திசைக்கோணம்) பின்நோக்கும் (மறுமுனையிலிருந்து திரும்பிப் பார்க்கும் திசைக்கோணம்) 180 பாகை வேறுபட வேண்டும். வேறுபடாத இடத்துக்கு மறுநாள் போய்ப் பார்த்தால், அங்கே ஓர் இரும்பு வேலி ஊசியை இழுத்துக்கொண்டிருந்தது! புத்தகத்தில் இதைப் பலமுறை படித்திருக்கிறேன்; நம்பியது அன்றுதான்.

முதுகலையும் ஆய்வுப் பட்டமும் பெரும்பாலும் கணினி முன்னால், செயற்கைக்கோள் படங்களோடு கழிந்தன. விரிவுரையாளர் பணிக்கான நேர்காணலில் 15 நிமிடம் மாதிரி வகுப்பு எடுக்கச் சொன்னார்கள். களிமண் குன்று ஒன்றைக் கண்ணாடித் தொட்டியில் வைத்து, 1 செ.மீ. உயரத்துக்கு ஒருமுறை தண்ணீர் ஊற்றி, கரை தொட்ட இடத்தையெல்லாம் ஊசியால் கீறினேன். மேலிருந்து பார்த்தால் அந்தக் கீறல்கள்தாம் சம உயரக் கோடுகள். "ஏன் ஒன்றையொன்று வெட்டுவதில்லை?" என்று கேட்டார்கள். ஓர் இடத்துக்கு இரண்டு உயரம் இருக்க முடியாது, முன்துருத்தி நிற்கும் பாறைமுகம் மட்டுமே விலக்கு என்றேன். வேலை கிடைத்தது.

இப்போதும் முதல் வாரம் அதே தொட்டிதான். இந்த ஆண்டு ஒரு மாணவி நான் கேட்காமலே ஒரு கரண்டித் தண்ணீரைக் குன்றின் உச்சியில் ஊற்றினாள். அது 'வி' முனைகளை ஒவ்வொன்றாகத் தொட்டபடி கீழே ஓடியது. "ஆறு இங்கேதான் வரும்" என்றாள். தொட்டியைச் சுற்றி நின்றவர்கள் எல்லோரும் வரைபடத்தைத் திரும்ப விரித்தார்கள்.