சராசரியை மட்டும் சொன்னால் ஒத்துக்கொள்ளாதீர்கள்

புள்ளியியல் கற்க ஆரம்பிக்கிற யாரிடமும் நான் முதலில் சொல்வது இதுதான்: சராசரியோடு நிறுத்தாதீர்கள், பரவல் (எண்கள் எவ்வளவு தள்ளித் தள்ளிச் சிதறியிருக்கின்றன என்பது) எவ்வளவு என்றும் கேளுங்கள். செய்திகளிலும் அறிக்கைகளிலும் பெரும்பாலும் சராசரி மட்டும்தான் வருகிறது, அதை வைத்தே முடிவும் எடுத்துவிடுகிறார்கள் என்பது எனக்கு உண்மையிலேயே வருத்தமாக இருக்கிறது.

ஐந்து மாணவர்களின் மதிப்பெண்கள் 48, 49, 50, 51, 52. வேறு ஐந்து பேருக்கு 10, 30, 50, 70, 90. இரண்டு குழுவுக்கும் சராசரி 50தான். ஆனால் இரண்டாவது குழுவுக்கு ஒரே வேகத்தில் பாடம் நடத்தினால் சிலருக்குப் புரியாது, சிலருக்குச் சலித்துவிடும். இந்த வித்தியாசத்தை ஒரே எண்ணில் காட்டுவதுதான் திட்ட விலக்கம். சூத்திரத்தைப் பார்த்து மிரள வேண்டாம். ஒவ்வொரு மதிப்பெண்ணும் சராசரியிலிருந்து எவ்வளவு தள்ளியிருக்கிறது என்று பார்க்கிறோம், அதை அப்படியே கூட்டினால் மேலே போனதும் கீழே போனதும் அடிபட்டுப் பூஜ்யம் வந்துவிடும் என்பதால் ஒவ்வொன்றையும் வர்க்கப்படுத்திக் கூட்டி, எண்ணிக்கையால் வகுத்து, கடைசியில் வர்க்கமூலம் எடுக்கிறோம், அவ்வளவுதான். முதல் குழுவுக்கு ஏறக்குறைய 1.41, இரண்டாவதற்கு 28.3. (பெரிய கூட்டத்திலிருந்து எடுத்த மாதிரிதான் கையில் இருக்கிறது என்றால் 5-க்குப் பதில் 4-ஆல் வகுப்பார்கள்.)

சரி, இடைநிலை அளவு, அதாவது எண்களை வரிசைப்படுத்தினால் நடுவில் வருகிற எண், எதற்கு? 20, 21, 22, 23, 24 என்ற எண்களில் கடைசி 24-ஐ 240 ஆக்கிப் பாருங்கள். சராசரி 22-லிருந்து 65.2-க்குத் தாவிவிடும், இடைநிலை அளவு 22-லேயே நிற்கும். வருமானம் மாதிரி, சிலர் மட்டும் மிக உயரத்தில் இருக்கிற விஷயங்களில் இடைநிலை அளவைத்தான் முதலில் பார்க்க வேண்டும் என்பது என் கருத்து.

சராசரியை நம்பி வடிவமைத்தால் என்ன ஆகும் என்பதற்கு அமெரிக்க விமானப்படையின் அனுபவமே சாட்சி. 1950-களின் தொடக்கத்தில் கில்பர்ட் டேனியல்ஸ் என்பவர் 4,063 விமானிகளின் உடல் அளவுகளை ஆராய்ந்தார். உயரம், மார்பளவு என்று பத்து அளவுகள், ஒவ்வொன்றிலும் நடுவில் இருக்கிற 30 சதவீதத்துக்குள் வந்தால் அவரைச் சராசரி என்று தாராளமாகவே எடுத்துக்கொண்டார். பத்திலும் சராசரியாக இருந்தவர் ஒருவர்கூட இல்லை! அப்படியென்றால் சராசரி விமானிக்காகச் செய்த இருக்கை யாருக்குப் பொருந்தும்?

அப்புறம், பரவலையும் கேட்டு வாங்கிவிட்டோம், இனி கவலையில்லை என்று இருந்துவிடவும் முடியாது. புள்ளியியலாளர் ஃபிரான்சிஸ் ஆன்ஸ்கோம்ப் 1973-இல் வெளியிட்ட நான்கு சிறிய தரவுத் தொகுப்புகளை ஒருமுறையாவது வரைந்து பாருங்கள். ஒவ்வொன்றிலும் 11 புள்ளிகள். சராசரி, திட்ட விலக்கம், ஒட்டுறவுக் கெழு (இரண்டு அளவுகள் எவ்வளவு நேர்கோட்டு உறவில் சேர்ந்து மாறுகின்றன என்று காட்டும் எண், இங்கே சுமார் 0.816) எல்லாமே நான்கிலும் ஏறத்தாழ ஒன்றுதான். வரைந்தால், ஒன்றில் புள்ளிகள் ஒரு நேர்கோட்டை ஒட்டிச் சிதறியிருக்கும், ஒன்று வளைந்து போகும், ஒன்றில் ஒரே ஒரு புள்ளி தவிர மற்றவை நேர்கோட்டில் நிற்கும். நான்காவதில் பத்துப் புள்ளிகளுக்கு கிடைமட்ட மதிப்பு 8, மிச்சமிருக்கிற ஒன்றுக்கு 19. அந்த ஒன்றை நீக்கிவிட்டால் மிச்சமிருக்கிற எல்லாவற்றுக்கும் கிடைமட்ட மதிப்பு ஒன்றேதான் என்பதால் ஒட்டுறவைக் கணக்கிடவே முடியாது.