கேசட் கொடுத்தவர்களுக்கும் விலை உண்டு

மும்பையில் ஆவணப்படங்களுக்குப் பழைய ஃபூட்டேஜ், அதாவது முன்பே எடுத்து வைத்த படக்காட்சிகள், தேடித் தருவது என் வேலை. பெரும்பாலான இயக்குநர்கள் முதலில் கேட்பது பெடர் ரோட்டில் இருந்த, மத்திய அரசின் ஃபிலிம்ஸ் டிவிஷனின் சேகரிப்பைத்தான். 1948-இல் தொடங்கி, 2022-இல் தேசியத் திரைப்பட வளர்ச்சிக் கழகத்தோடு (என்.எஃப்.டி.சி.) இணைக்கப்பட்ட நிறுவனம். தியேட்டர்களில் படத்துக்கு முன்னால் ஓடிய செய்திப்படங்கள் அங்கே தயாரானவை. தலைவர்கள், திறப்பு விழாக்கள், வெள்ளம், பஞ்சம் எல்லாம் அதில் கிடைக்கும்.

ஆனால் தாராவியில் திருநெல்வேலிக்காரர்கள் தெருவில் பானை வைத்துப் பொங்கல் கொண்டாடியது வேண்டுமென்றால்? வீட்டுக் கதவைத்தான் தட்ட வேண்டும். தொண்ணூறுகளில் எடுத்த கல்யாண வீடியோ போதும். மாப்பிள்ளை அழைப்பின் பின்னாலேயே முழுத் தெருவும் வரும்: இன்று இல்லாத ஓட்டு வீடுகள், கடைப் பலகைகள், தண்ணீர்க் குழாயடியில் குடங்கள்.

அந்தக் கேசட்டை நம்மிடம் கொடுப்பது சின்ன விஷயம் இல்லை. மும்பை ஈரத்தில் டேப்பில் பூஞ்சை பிடித்திருக்கும். சுத்தம் செய்யாமல் ஓட்டினால் டேப்பும் கெடும், டேப்பைப் படிக்கும் பிளேயரின் ஹெட்டும் கெடும், அடுத்து போடும் கேசட்டுக்கும் ஒட்டிக்கொள்ளும். கடைசியாக வி.சி.ஆர். தயாரித்துக்கொண்டிருந்த ஜப்பானின் ஃபுனாய் நிறுவனமும் 2016-இல் அதை நிறுத்திவிட்டது. இருக்கிற பழைய பிளேயர்களைப் பழுதுபார்த்துத்தான் வண்டி ஓடுகிறது.

கேசட்டைவிடப் பெரியது, அவர்கள் பக்கத்தில் உட்கார்ந்து சொல்வது. "தம்பி, அந்தச் சுவர்ல சாய்ஞ்சு நிக்கிறது எங்க பெரியப்பா. அந்தக் கடை கலவரத்துல எரிஞ்சுபோச்சு" என்பார் ஒரு அக்கா. டைம்கோடு, அதாவது காட்சி வரும் நிமிடம், நொடி, போட்டு அப்படியே எழுதிக்கொள்வேன். இந்தத் தகவல் எந்த ஆவணக் காப்பகத்தின் பட்டியலிலும் இருக்காது. என்னைப் பொறுத்தவரை அந்த அக்காவும் படத்தின் ஆய்வாளர்தான்.

உரிமையும் பெரும்பாலும் அவர்களுடையதே. 1957-ஆம் ஆண்டு பதிப்புரிமைச் சட்டப்படி, வேறு ஒப்பந்தம் இல்லாதபோது, பணம் கொடுத்து எடுக்கச் சொன்னவரே அந்தப் படத்தின் முதல் உரிமையாளர். வீடியோகிராபர் இல்லை, குடும்பம்தான். படத்தில் இருப்பவர்களின் சம்மதம் தனி. ஒரு வீட்டில், அம்மா அழும் காட்சி மட்டும் வேண்டாம் என்றார்கள். இயக்குநருக்கு மிகவும் பிடித்த காட்சி அது. இருந்தாலும் நீக்கிவிட்டோம், அதுதான் சரி.

எனக்குக் கோபம் வருவது பணத்தில். ஃபூட்டேஜ் விற்கும் பெரிய ஏஜென்சிக்கு நொடிக் கணக்கில் கட்டணம் கட்டுகிறோம். வீட்டுக்காரருக்குக் கடைசியில் ஓடும் பெயர்ப் பட்டியலில் ஒரு நன்றி, அதுவும் கண்ணுக்குத் தெரியாத வேகத்தில். கேசட்டைத் திருப்பிக் கொடுப்பதும், டிஜிட்டல் பிரதி ஒன்றைப் பென் டிரைவில் தருவதும், தமிழிலேயே சம்மதப் படிவம் வைப்பதும் குறைந்தபட்ச மரியாதை. அதற்கு மேல் காசும் தர வேண்டும். எடிட்டிங் முடிந்த பிறகு கேட்டால் "பட்ஜெட் தீர்ந்துடுச்சு" என்பார்கள். அதனால் முதல் பட்ஜெட் தாளிலேயே, ஏஜென்சிக் கட்டணத்துக்கு அடுத்த வரியில், வீட்டு ஃபூட்டேஜுக்கும் ஒரு தொகை எழுதச் சொல்லி இப்போதெல்லாம் விடாமல் கேட்கிறேன்.