வேலைக்குள் இருந்த பள்ளிக்கூடம்

ஒவ்வோர் ஆண்டும் மலேசியாவின் ஐந்தாம் படிவ இறுதித் தேர்வான எஸ்.பி.எம். முடிவுகள் வெளிவரும் வாரத்தில், பினாங்கிலும் செபராங் பிறையிலும் உள்ள நம் குடும்பங்களின் வாட்ஸ்அப் குழுக்களில் மேற்கல்வியைத் தவிர வேறு பேச்சு இருப்பதில்லை. பல்கலைக்கழகத்துக்கு முந்திய மெட்ரிகுலேஷன் படிப்பில் யாருக்கு இடம் கிடைத்தது, யார் மேல்முறையீடு செய்திருக்கிறார், எந்தத் தனியார் கல்லூரியில் கட்டணம் குறைவு என்ற கேள்விகள் நள்ளிரவு வரை ஓடும். இந்தக் கவலையில் நியாயம் உண்டு. ஆனால் அதே வாரத்தில், அதே அடுக்குமாடிக் குடியிருப்பில், மேற்கல்விக்குப் போகாமல் நேராக வேலைக்குப் போகிற பிள்ளைகளைப் பற்றி எவரும் இவ்வளவு அக்கறையாக விசாரிப்பதில்லை. "வேலை கிடைத்துவிட்டதா, நல்லது" என்பதோடு பேச்சு முடிந்துவிடுகிறது. அது எந்த வேலை, அதில் அந்தப் பிள்ளை என்ன கற்றுக்கொள்ளும், ஐந்தாறு ஆண்டுகள் கழித்து அது அவனையோ அவளையோ எந்த நிலையில் கொண்டுபோய் வைக்கும் என்று நாம் கேட்பதே இல்லை.

படிப்பு ஒருவரை வேலையின் வாசல்வரை கொண்டு சேர்க்கிறது. உள்ளே நுழைந்த பின் அவர் உயர்வாரா, நுழைந்த இடத்திலேயே நிற்பாரா என்பதைப் பெரும்பாலும் அந்த வேலையின் அமைப்பே தீர்மானிக்கிறது. எங்கள் குடும்பத்தின் மூன்று தலைமுறைகளையும், எங்களோடு தோட்டத்திலிருந்து வெளியேறிய மற்றக் குடும்பங்களையும் பார்த்து நான் வந்தடைந்த முடிவு இது.

என் தாத்தாவும் பாட்டியும் செபராங் பிறையின் தென்பகுதியில் ஒரு ரப்பர் தோட்டத்தில் பால்மரம் வெட்டியவர்கள். விடியுமுன் ஆள் கணக்கெடுக்கும் பிரட்டுக் களத்தில் பெயர் கொடுத்து, தங்களுக்குரிய மர வரிசையான நிரைக்குப் போய், மங்குக் கிண்ணங்களில் வடிந்த பாலைச் சேர்த்துக் காண்டா என்ற தோள்கம்பில் சுமந்து நிறுவைக்குக் கொண்டுவருவது அவர்களுடைய அன்றாடம். அந்தத் தோட்டத்திலும் பள்ளிக்கூடம் இருந்தது. 1923ஆம் ஆண்டின் தொழிலாளர் சட்டம், பள்ளி வயதில் குறைந்தது பத்துப் பிள்ளைகள் உள்ள தோட்டங்கள் ஒரு பள்ளியை நடத்த வேண்டும் என்று விதித்திருந்தது. தோட்ட நிர்வாகங்கள் விதியை நிறைவேற்றின. அதற்கு மேல் எதையும் செய்யும் எண்ணம் அவற்றுள் பலவற்றுக்கு இருக்கவில்லை. பல இடங்களில் எழுதப் படிக்கத் தெரிந்த ஒருவர்தான் ஆசிரியர்; தொழிலாளரை மேற்பார்க்கும் கங்காணியோ, அலுவலக எழுத்தரான கிராணியோ. ஆறாம் ஆண்டோடு படிப்பு முடியும். அதற்குமேல் படிக்க வைப்பதில் தோட்டத்திற்கு எந்த ஆதாயமும் இல்லை. இன்னொரு பால்வெட்டும் கையை இழப்பதுதான் மிச்சம்.

தோட்டத்தின் வேலை வரிசையும் அப்படியே இறுகிக் கிடந்தது. உச்சியில் துரை, அவருக்குக் கீழே கிராணிமார், பெரும்பாலும் ஆங்கிலம் படித்த மலையாளிகளும் யாழ்ப்பாணத் தமிழர்களும், அதற்கும் கீழே கங்காணி, அடியில் தோட்டத்தின் வரிசைவீடுகளான லயன் வீடுகளில் இருந்த தொழிலாளர்கள். மரம் வெட்டுவதில் எவ்வளவு கைதேர்ந்தவராக இருந்தாலும், ஒருவர் கங்காணி நிலைக்கு மேல் போவதற்கு வழியே இல்லை. முப்பது ஆண்டு அனுபவம் உள்ளவரும் நேற்று சேர்ந்தவரும் ஒரே வேலையைத்தான் செய்தார்கள்.

இதைவிடக் கொடியது, வீடு வேலையோடு பிணைக்கப்பட்டிருந்தது. லயன் வீடு தோட்டத்தின் சொத்து. குடும்பத்தில் ஒருவராவது தோட்டத்தில் வேலை செய்தால்தான் அந்தக் கூரையின் கீழ் இருக்கலாம். தந்தை நோயில் விழுந்தாலோ வயதாகி ஓய்வு பெற்றாலோ, வீட்டைக் காப்பாற்றிக்கொள்ள மூத்த பிள்ளையின் படிப்பு நின்றுவிடும். நம் பிள்ளைகள் பாதியில் பள்ளியை விட்டதற்குச் சோம்பலையும் பெற்றோரின் அறியாமையையும் காரணம் காட்டிப் பேசுகிறவர்கள் இந்த ஓர் ஏற்பாட்டை நினைத்துப் பார்க்க வேண்டும். பதின்மூன்று வயதுப் பிள்ளை புத்தகப் பையை வைத்துவிட்டு உளியை எடுத்தது, குடும்பம் தெருவுக்கு வராமல் இருப்பதற்காக.

தமிழ்ப்பள்ளியில் படித்ததால்தான் நாம் பின்தங்கினோம் என்ற பேச்சையும் நான் ஏற்பதில்லை. 1816இல் பினாங்கு ஃப்ரீ ஸ்கூலில் தமிழ் வகுப்பு தொடங்கியதிலிருந்து இன்றைய ஐந்நூற்றுக்கும் மேற்பட்ட தமிழ்ப்பள்ளிகள் வரை நீளும் அந்த வரலாறு, எழுத்தறிவே கிடைக்காமல் போயிருக்கக்கூடிய பல தலைமுறைகளுக்கு எழுத்தைக் கொடுத்தது. இடறியது அதற்கு அடுத்த கட்டத்தில். இடைநிலைப்பள்ளிக்கு முன்னர் புகுமுக வகுப்பில் கூடுதலாக ஓர் ஆண்டு, தோட்டத்திலிருந்து பட்டணத்துப் பள்ளிக்குப் பேருந்துக் கட்டணம், சீருடை, திடீரென்று வேறு மொழியில் அறிவியலும் கணிதமும் என எல்லாம் ஒரே சமயத்தில், வீட்டுக்கு ஒரு கூலி அவசரமாகத் தேவைப்படும் வயதில் வந்து சேர்ந்தன.

எங்கள் குடும்பத்தின் போக்கை மாற்றியவர் என் அத்தை. அவர் மூன்றாம் படிவத்தில் எழுதும் எல்.சி.இ. தேர்வோடு நின்றவர். 1971இல் தடையற்ற வாணிப மண்டலச் சட்டம் வந்து, அடுத்த ஆண்டே இன்டெல் உள்ளிட்ட நிறுவனங்கள் பாயான் லெப்பாஸில் தொழிற்சாலைகளைத் தொடங்கியிருந்தன. அவற்றுக்கு ஆயிரக்கணக்கில் இளம்பெண்கள் தேவைப்பட்டார்கள். நுண்ணோக்கியில் கண்ணை வைத்து, முடியைவிட மெல்லிய தங்கக் கம்பிகளைச் சில்லுகளில் இணைக்கும் வேலை. பினாங்குப் பாலம் 1985இல்தான் திறக்கப்பட்டது. அதற்கு முன் அக்கரையான செபராங் பிறையிலிருந்து தீவுக்கு வந்தவர்கள் பட்டர்வொர்த்தில் படகேறி, ஜார்ஜ்டவுனில் இறங்கித் தொழிற்சாலைப் பேருந்தைப் பிடிக்க வேண்டும். இரவு ஷிப்ட் வேலைக்குப் பெண்ணை அனுப்புவதா என்று உறவினர்கள் பேசிய பேச்சுகளைப் பாட்டி ஒற்றையாளாகத் தாங்கினார்.

அந்த வேலை சுலபமானது என்று சொல்ல மாட்டேன். கண்ணும் முதுகும் கெட்டுப்போனவர்கள் பலர். 1985இன் பொருளாதார மந்தத்தில் ஒரே வாரத்தில் வீட்டுக்கு அனுப்பப்பட்டவர்களும் உண்டு. ஆயினும் தோட்ட வேலையில் இல்லாத மூன்று அதில் இருந்தன. மழை பெய்தாலும் குறையாத மாதச் சம்பளம் இருந்தது. வேலைக்கும் குடியிருக்கும் வீட்டுக்கும் தொடர்பில்லை. எல்லாவற்றுக்கும் மேலாக, வேலைக்குள்ளேயே அடுத்த படி ஒன்று கண்ணுக்குத் தெரிந்தது. அத்தை சில ஆண்டுகளில் லைன் லீடர் ஆனார். பின்னர் புதிதாக வருகிறவர்களுக்குப் பயிற்சி கொடுப்பவர் ஆனார். தரக்கட்டுப்பாட்டுப் பதிவேடுகளை எழுதுவதற்காகவே வேலை நேரத்தில் அவருக்கு ஆங்கிலம் கற்றுக்கொடுத்தார்கள். பள்ளி அவருக்குக் கொடுக்காத ஆங்கிலத்தைச் சம்பளத்தோடு தொழிற்சாலை கொடுத்தது.

அவருடைய சம்பளத்தில்தான் அவருடைய தம்பியான என் அப்பா ஐந்தாம் படிவம் வரை தடையில்லாமல் படித்து, ஈப்போவில் உள்ள உங்கு ஒமார் பொலிடெக்னிக்கில் மின்னியல் சான்றிதழ் முடித்தார். அத்தை தன் திருமணத்தை அதற்காகத் தள்ளிப்போட்டார் என்பதை நான் வளர்ந்த பிறகே அறிந்தேன். பாயான் லெப்பாஸ் தொழிற்சாலைகளில் வேலை பார்த்த பெண்களின் சம்பளத்தில் படித்து முன்னேறிய தம்பி தங்கைகள் எத்தனை பேர் என்று யாரும் கணக்கெடுத்ததாகத் தெரியவில்லை; அந்தப் பெண்களுக்கு நம் சமூகம் போதிய மரியாதை செய்யவில்லை என்ற வருத்தம் எனக்கு உண்டு.

அப்பா டெக்னிஷனாகச் சேர்ந்து உதவிப் பொறியாளராக ஓய்வு பெற்றார். இடைப்பட்ட உயர்வுக்குக் காரணம் அவர் கையில் இருந்த முதல் சான்றிதழ் மட்டுமன்று. 1989இல் பினாங்குத் திறன் மேம்பாட்டு மையம் தொடங்கப்பட்டது. தொழில்துறையே முன்னின்று நடத்தும் பயிற்சி நிலையமாக நாட்டில் முதலில் அமைந்தது அதுதான். சந்தையில் போட்டியிட்ட நிறுவனங்கள், ஆட்களைப் பயிற்றுவிப்பதில் மட்டும் கைகோத்து, இயந்திரங்களையும் பயிற்றுநர்களையும் பகிர்ந்துகொண்டன. மாநில அரசு துணை நின்றது. அப்பாவை நிறுவனமே அங்கே தொடர்ந்து வகுப்புகளுக்கு அனுப்பியது. 1992ஆம் ஆண்டின் மனிதவள மேம்பாட்டுச் சட்டத்துக்குப் பிறகு, முதலாளிகள் ஊழியர்களின் சம்பளத்தில் 1 விழுக்காட்டுக்கு ஈடான தொகையைப் பயிற்சி நிதிக்கு லெவியாகச் செலுத்த வேண்டியதாயிற்று. கட்டிய பணத்தைப் பயன்படுத்தவாவது ஆட்களைப் பயிற்சிக்கு அனுப்ப வேண்டும் என்ற நிலை உருவானது. படித்துவிட்டு வேலைக்குப் போவது என்ற ஒரே வரிசையைத்தான் நாம் பிள்ளைகளுக்குச் சொல்லித் தருகிறோம். அப்பாவின் வாழ்க்கையில் வேலைதான் அவரைத் திரும்பத் திரும்ப வகுப்பறைக்கு அனுப்பியது. நான் மலேசிய அறிவியல் பல்கலைக்கழகத்தில் பட்டம் பெற முடிந்தது அந்த வீட்டில் பிறந்ததால்.

இன்று என்ன நடக்கிறது என்பதுதான் என்னைக் கவலைப்பட வைக்கிறது. தோட்டமாக இருந்த பத்து காவான் இப்போது தொழிற்பேட்டை. 2014இல் திறக்கப்பட்ட 24 கிலோமீட்டர் நீளமுள்ள இரண்டாவது பாலம் அங்கேதான் வந்து இறங்குகிறது. தாத்தாக்கள் உழைத்த மண்ணுக்கே தொழிற்சாலைகள் வந்துவிட்டன. ஆனால் அவற்றுள் பலவற்றில் ஆப்பரேட்டர் வேலைக்கு ஆள் எடுப்பது ஏஜென்ட்தான். குறுகிய கால ஒப்பந்தத்தில் ஏஜென்ட்டின் ஆளாக உள்ளே வருகிறவரைப் பயிற்சிக்கு அனுப்ப யாருக்கும் அக்கறை இருப்பதில்லை. டெக்னிஷன் இடம் காலியானால் வெளியிலிருந்து டிப்ளோமா பெற்றவரை எடுக்கிறார்கள். அத்தை ஏறிய முதல் இரண்டு படிகள் அங்கே காணோம்.

தொழிற்சாலைக்குப் போகாத பையன்கள் பாதுகாவலராகவோ, லாரி உதவியாளராகவோ, மோட்டார் சைக்கிளில் உணவு கொண்டு சேர்ப்பவராகவோ போகிறார்கள். 2025 பிப்ரவரியிலிருந்து குறைந்தபட்சச் சம்பளம் மாதம் 1,700 ரிங்கிட் என உயர்ந்தது, அதை வரவேற்கிறேன். ஆனால் உணவு கொண்டு சேர்க்கும் பையன் நன்றாக ஓடினால் அதைவிடக் கூடுதலாகவே சம்பாதிக்கிறான். பதினெட்டு வயதில் அந்தப் பணம் கையில் புரளும்போது, குறைந்த சம்பளத்தில் தொழில் பழகப் போ என்று பெற்றோர் சொன்னால் அவன் காதில் ஏறுமா? இருபத்தெட்டு வயதிலும் அவன் அதே வேலையைத்தான் செய்துகொண்டிருப்பான், முதுகுவலி கூடியிருக்கும், காட்டுவதற்கு ஒரு தாள்கூட இருக்காது. முப்பது ஆண்டு அனுபவமும் முதல் நாளும் ஒன்றாகவே இருந்த அந்தத் தோட்ட வேலையின் அமைப்பு இப்போது கைப்பேசிச் செயலிக்குள் வந்திருப்பதாகவே எனக்குத் தோன்றுகிறது.

மறுபுறம், எப்படியாவது ஒரு பட்டம் என்று பி.டி.பி.டி.என். என்ற அரசின் உயர்கல்விக் கடனோடு, அம்மாவின் நகையையும் வைத்துப் பிள்ளையைத் தனியார் கல்லூரிக்கு அனுப்பும் குடும்பங்கள். எந்தத் துறை, அதற்கு இங்கே என்ன வேலை என்று கேட்காமல் சேர்ந்தவர்களில் சிலர் பட்டத்தோடு அழைப்பு மையத்தில் அமர்ந்து கடனைக் கட்டிக்கொண்டிருப்பதை நான் அறிவேன்.

ஆகவே, பிள்ளை வேலைக்குப் போகிறதென்றால், ஒப்பந்தத்தில் கையெழுத்திடும் முன் கேட்க வேண்டிய கேள்விகளை நாம் கற்றுக்கொள்ள வேண்டும். நிறுவனத்தின் நேரடி ஊழியரா, ஏஜென்ட்டின் ஊழியரா? பத்து அல்லது அதற்கு மேற்பட்ட உள்நாட்டு ஊழியர்கள் உள்ள நிறுவனங்கள் பெரும்பாலான துறைகளில் அந்த 1 விழுக்காட்டு லெவியைக் கட்டியாக வேண்டும். கட்டுகிறார்களா, சென்ற ஆண்டு அதில் யாரைப் பயிற்சிக்கு அனுப்பினார்கள்? இதைக் கேட்பது அதிகப்பிரசங்கித்தனம் என்று நம் பெற்றோர் கருதுகிறார்கள். அது நம் பிள்ளைகளுக்காக ஏற்பட்ட பணம்.

தேசிய இரட்டைப் பயிற்சித் திட்டம் என்று ஒன்று உண்டு. பயிற்சியின் பெரும்பகுதி பணியிடத்திலும் மீதி பயிற்சி நிலையத்திலும் நடக்கும், முடிவில் மலேசியத் திறன் சான்றிதழ் கிடைக்கும். அந்தச் சான்றிதழின் முதல் மூன்று நிலைகளுக்கு மேலே நான்காம் நிலையில் திறன் டிப்ளோமாவும் ஐந்தாம் நிலையில் உயர்நிலை டிப்ளோமாவும் இருக்கின்றன. ஏற்கெனவே பல ஆண்டுகள் பட்டறையிலோ சமையற்கூடத்திலோ மின்கம்பி வேலையிலோ இருந்தவர்கள், வகுப்புக்குப் போகாமலேயே தங்கள் அனுபவத்தை ஆதாரங்களோடு காட்டி, மதிப்பீட்டாளரின் சோதனையில் தேறி அதே சான்றிதழைப் பெறும் முறையும் திறன் மேம்பாட்டுத் துறையிடம் உள்ளது. முந்தைய திறனுக்கான அங்கீகாரம் என்ற பொருளில், மலாய்ப் பெயரின் சுருக்கமாகப் பி.பி.டி. என்று அதைச் சொல்வார்கள். எங்கள் குடியிருப்பில் பதினைந்து ஆண்டுகளாகக் குளிர்சாதனக் கருவி பழுதுபார்க்கும் ஓர் அண்ணன் இந்த வழியில் சான்றிதழ் பெற்று, இப்போது ஒரு நிறுவனத்தின் நிரந்தர ஊழியராகச் சேர்ந்திருக்கிறார். அவரிடம் பழகும் இரண்டு பையன்களையும் விண்ணப்பிக்கச் சொல்லியிருக்கிறார்.

செபராங் பிறையில் இருப்பவர்களுக்கு ஒரு வேண்டுகோள். வேலை அனுபவம் இருந்தும் சான்றிதழ் இல்லாதவர்கள் உங்கள் வீட்டிலோ அண்டையிலோ இருந்தால், அவர்கள் செய்த வேலையின் புகைப்படங்கள், சம்பளச் சீட்டுகள், முதலாளியின் பணிச்சான்றுக் கடிதம், வேலைக்குக் கொடுத்த ரசீதுகள் ஆகியவற்றை இன்றிலிருந்தே ஒரு கோப்பில் சேர்க்கச் சொல்லுங்கள். விண்ணப்பத்தில் சிக்கலான பகுதி இந்த ஆதாரக் கோப்புதான். மலாய் மொழியில் அதைத் தயாரிக்கத் தயங்குகிறவர்கள் எனக்கு எழுதினால், நானும் அப்பாவும் ஞாயிறு மாலைகளில் உடன் அமர்ந்து எழுதிக்கொடுக்கிறோம்.