கிராஜுவிட்டியைத் தள்ளி வைத்துவிட்டுப் பேசுவோம்

பெங்களூரில் தொழிலாளர் வழக்குகள் நடத்தும் வக்கீல் நான். பெரும்பாலும் தொழிலாளர் தரப்புதான். ஸ்ரீராமபுரத்திலும் அல்சூரிலும் இருக்கிற நம்மாட்கள் என்னிடம் வருவதற்கு முதல் காரணம், கன்னடத்திலும் ஆங்கிலத்திலும் நடப்பதைத் தமிழில் எடுத்துச் சொல்ல ஓர் ஆள் வேண்டும் என்பதே. சமரசப் பேச்சில் நான் விட்டுக்கொடுக்காத ஒரு விஷயம் உண்டு: கிராஜுவிட்டியை, அதாவது பல வருடம் உழைத்தவர் வேலையை விட்டுப் போகும்போது முதலாளி தர வேண்டிய பணிக்கொடையை, சமரசத் தொகையோடு சேர்க்க விடமாட்டேன். அதற்கு ஒரு வழக்கைச் சொல்கிறேன்.

பீனியா தொழிற்பேட்டையில் ஒரு ஷெட்டில் 14 வருடம் லேத் ஓட்டியவர். வயது ஐம்பதுக்கு மேல். முதலாளியும் தமிழர்தான். ஒருநாள் "நாளையிலிருந்து வர வேண்டாம்" என்று வாயால் சொல்லி அனுப்பிவிட்டார்கள், கடிதம் எதுவும் இல்லை. அப்போது நடப்பில் இருந்தது 1947-ஆம் வருடத் தொழில் தகராறு சட்டம். தொழிலாளர் அதிகாரியிடம் சமரச மனு கொடுத்து 45 நாள் கடந்தால் நேரடியாகத் தொழிலாளர் நீதிமன்றத்துக்குப் போகலாம் என்று அதில் இருந்தது. போனோம். "அவராகவே வேலைக்கு வராமல் நின்றுவிட்டார்" என்று நிர்வாகம் பதில் மனு போட்டது. இந்தப் பதில் வராத வழக்குகளை நான் பார்த்தது குறைவு.

சட்டம் எங்கள் பக்கம்தான். வருடத்தில் 240 நாள் வேலை செய்தவரை ஆட்குறைப்பு என்று நிறுத்துவதானால்கூட ஒரு மாத நோட்டீஸ் அல்லது அதற்கான சம்பளம் தர வேண்டும், அதோடு வருடத்துக்கு 15 நாள் சராசரிச் சம்பளம் நஷ்டஈடு. இவருக்கு எதுவும் தரவில்லை. தவறாக நீக்கப்பட்டவருக்கு மறுபடி வேலையும், வேலையில்லாமல் இருந்த காலத்துக்கான சம்பளமும் கிடைப்பதே பொதுவான விதி என்று உச்ச நீதிமன்றம் 2013-இல் சொல்லியிருந்தது. அப்படியிருந்தும் சமரசத்துக்கு ஏன் உட்கார்ந்தேன்? ஜெயித்தாலும் நிர்வாகம் ஹைகோர்ட்டுக்குப் போகும். அங்கே வழக்கு முடியும்வரை கடைசியாக வாங்கிய சம்பளம்தான் கிடைக்கும், அதுவும் வேறு வேலையில் இல்லை என்று பிரமாணப் பத்திரம் கொடுத்தால். ஐம்பதைத் தாண்டியவரிடம் "காத்திருங்கள்" என்று சொல்ல எனக்கு மனம் வரவில்லை.

நிர்வாகத் தரப்பு இரண்டு லட்சம் தருவதாகச் சொன்னது. எல்லாம் சேர்த்து, கணக்கு முடிந்தது என்று எழுதிக் கொடுக்க வேண்டுமாம். அவருக்கு முகம் மலர்ந்துவிட்டது. "வாங்கிட்டுப் போயிடலாம் சார், கடன் நெருக்குது" என்றார். வராந்தாவில் உட்கார வைத்து ஒரு தாளில் கணக்குப் போட்டுக் காட்டினேன். மாதச் சம்பளம் 18,200. மாதத்துக்கு 26 வேலைநாள் என்ற கணக்கில் அதை 26-ஆல் வகுத்தால் ஒரு நாளைக்கு 700. ஒரு வருடத்துக்கு 15 நாள் என்றால் 10,500. பதினான்கு வருடத்துக்கு 1,47,000. "இது கிராஜுவிட்டிண்ணே. கேஸ் போட்டாலும் போடாட்டியும் உங்களுக்கு வர வேண்டியது."

தாளையே பார்த்துக்கொண்டிருந்தார். "அப்போ அவங்க தர்றதுல முக்கால்வாசி என் காசேதானா?" என்றார்.

ஆமாம். வழக்குக்காக அவர்கள் தர முன்வந்தது 53,000 ரூபாய்தான். பாக்கிப் பணத்தையே சமரசத் தொகையாகக் காட்டும் இந்தப் பழக்கம் எனக்கு ஆத்திரமூட்டுகிறது. அப்போது நடப்பில் இருந்த 1972-ஆம் வருடச் சட்டப்படி, ஐந்து வருடம் தொடர்ந்து வேலை செய்தவர் தானாகவே ராஜினாமா செய்தாலும் கிராஜுவிட்டி உண்டு. அவராகவே நின்றுவிட்டார் என்ற அவர்களுடைய வாதத்தையே ஒப்புக்கொண்டாலும் அந்தப் பணம் பாக்கிதான். அதை நீதிபதி முன்னால் சொன்னேன். கிராஜுவிட்டியைத் தனியாக வைத்துவிட்டு, வேலை போனதற்கு என்ன தருகிறீர்கள் என்பதை மட்டும் பேசுவோம் என்றேன். "கடைசியா எவ்வளவு?" என்று கேட்டு நடுவில் ஒரு தொகையைப் பிடிக்கிற நீதிபதிகளும் உண்டு. இவர் அப்படிச் செய்யவில்லை, என் தாளை வாங்கிப் பார்த்துவிட்டு நிர்வாகத்தின் வக்கீலிடம் நீட்டினார். அப்புறம் பேச்சின் தொனியே மாறியது.

சில வாய்தாக்களுக்குப் பிறகு கிராஜுவிட்டி போக மூன்றரை லட்சத்துக்கு முடிந்தது. சமரசமாக வழக்கை முடித்துவைக்கும் லோக் அதாலத்தில் (மக்கள் நீதிமன்றத்தில்) பதிவு செய்தோம். 1987-ஆம் வருடச் சட்டப்படி அந்தத் தீர்ப்புக்கு அப்பீல் கிடையாது, ஹைகோர்ட் பயம் அதோடு போயிற்று. கையெழுத்துக்கு முன் ஒவ்வொரு வரியையும் அவருக்குத் தமிழில் படித்துச் சொன்னேன். நடுவில் நிறுத்தி, லேத் ஓட்டும் டர்னராக வேலை பார்த்ததற்கு ஒரு சர்ட்டிபிகேட் வேண்டும் என்று கேட்டார். முதலாளி அதற்கு மறுப்புச் சொல்லவில்லை, லெட்டர்ஹெட்டில் 14 வருடத்தையும் எழுதிக் கொடுத்தார். அதைக் காட்டித்தான் ராஜாஜிநகரில் ஒரு சின்னப் பட்டறையில் சேர்ந்திருக்கிறார்.