ஒப்பாரிக்கு நடுவே ஒரு ஜெபம்

அந்தச் சாவு வீட்டில், சபைப் போதகரான ஐயர் வருவதற்கு முன்பே ஜெபத்தை ஏன் ஆரம்பித்தீர் என்று இதுவரை யாரும் என்னைக் கேட்கவில்லை. கேட்டிருந்தால் ஏதாவது பதில் சொல்லி முடித்திருப்பேன். கேட்காததால்தான் நானே கேட்டு நானே பதில் சொல்லிக்கொண்டிருக்கிறேன், பைக்கில் போகும்போதும், ஞாயிற்றுக்கிழமை காணிக்கை எண்ணும்போதும்.

கேத வீட்டில், ஐயருக்குத் துணையாக ஊர்ச் சபையைப் பார்க்கும் என்னைப் போன்ற உபதேசியாருக்கு என்ன வேலை என்று நம் பக்கத்தில் எல்லோருக்கும் தெரியும். கோயில் மணி அடிக்கச் சொல்ல வேண்டும், கல்லறைத் தோட்டத்தில் குழி வெட்ட ஆள் பிடிக்க வேண்டும், ஐயருக்குப் போன் போட வேண்டும், அவர் வரும்வரை வீட்டுக்காரர்களோடு இருக்க வேண்டும். ஒரு ஐயர் பார்க்கிற சேகரத்தில் எத்தனை ஊர்! சொன்ன நேரத்துக்கு ஐயர் வந்தால்தான் அதிசயம். அன்றைக்கு அவர் திசையன்விளைப் பக்கம் ஒரு கல்யாணத்தில் மாட்டிக்கொண்டார்.

இறந்தது வயதான அம்மா. மகன்கள் மூவரும் வெளியூர், மகளை உள்ளூரிலேயே கட்டிக்கொடுத்திருந்தார்கள். கடைசிவரை பார்த்தது மகள். இதற்கு மேல் விளக்க வேண்டியதில்லை.

அந்த அக்கா ஐஸ் பெட்டியின் தலைமாட்டில் உட்கார்ந்திருந்தார். குனிந்து பாடும்போது மூச்சுப் பட்டுக் கண்ணாடி மங்கும். முந்தானையால் துடைத்து, அம்மா முகத்தைப் பார்த்து, அடுத்த அடியை எடுப்பார். மறுபடி மங்கும். எனக்குப் பாட்டைவிட முதலில் அந்தத் துடைப்பதுதான் கண்ணில் பட்டது. பிறகுதான் சொற்கள் காதில் விழுந்தன.

"மூணு ஆண் பெத்த மகராசி – ஒனக்கு
முட்டிக்கு எண்ணெய் தேய்க்க நாதியில்லையே!
மச்சு வீடு கெட்டிவச்சும் – எம்மா
மாட்டுத் தொழுவில கட்டில் போட்டாகளே!"

பந்தலில் போனை நோண்டிக்கொண்டிருந்த ஆம்பிளைகள் தலையைத் தூக்கினார்கள். தொழுவில் கட்டில் கிடந்தது உண்மை. மாடுகளை விற்றுப் பல வருஷம் ஆன காலித் தொழு அது. மேல்மாடி டைல்ஸ் தரையில் அம்மா ஒரு தடவை வழுக்கி விழுந்ததும் உண்மை. காற்று வருகிறது என்று தானாகவே போய் அங்கே படுத்தாள் என்பது மகன்கள் கட்சி. இரண்டு கட்சியும் அந்த வீட்டில் எனக்குக் காப்பி கொடுத்தவர்கள்தான்.

மூத்தவர் என் பக்கத்தில் வந்து நின்றார். "உபதேசியாரே, ஜெபத்த ஆரம்பிச்சிருங்க."

"ஐயர் வந்திரட்டும் அண்ணாச்சி."

"அவர் வாரதுக்குள்ள இவ எங்க மானத்த வாங்கிருவா."

அக்கா அடுத்த அடிக்குப் போயிருந்தார்: "பத்திரத்தில கைநாட்டு வாங்கையில – எம்மா…"

அப்போதுதான் நான் மைக்கை எடுத்தேன். "நாம் எல்லோரும் எழுந்து நிற்போம்" என்று சொல்லி ஒரு கீர்த்தனையை ஆரம்பித்தேன். நிறையச் சரணம் உள்ளதாகப் பார்த்துத்தான் எடுத்தேன். மைக் செட்காரப் பையன் சத்தத்தைக் கூட்டினான். தொண்டை ஒன்றை மட்டும் வைத்துக்கொண்டு யார் ஸ்பீக்கர் பெட்டியோடு போட்டி போட முடியும்? அக்கா பாடுவதை நிறுத்திவிட்டு என்னை நிமிர்ந்து பார்த்தார். முதல் சரணத்துக்கும் இரண்டாவதற்கும் நடுவில், மைக் இல்லாமலே எனக்குக் கேட்கிற மாதிரிச் சொன்னார்: "பாடுங்க உபதேசியாரே. கேக்க வேண்டியவங்களுக்குக் கேட்டுட்டு."

அவ்வளவுதான் நடந்தது. சண்டை இல்லை. அடக்கம் ஒழுங்காக முடிந்தது. ஐயர் வந்து, எல்லாம் முறையாகச் செய்திருக்கிறீர் என்றார்.

என் பக்க நியாயத்தைச் சொல்லிவிடுகிறேன். பந்தலில் இருந்தவர்களில் பாதிப் பேர் அண்ணன்மாரின் சம்பந்தக்காரர்கள், மீதி அக்காவின் புகுந்த வீட்டுக்காரர்கள். இன்னும் இரண்டு அடி போயிருந்தால் நாற்காலி பறந்திருக்கும். கேத வீட்டுச் சண்டை கல்லறைத் தோட்டம் வரைக்கும் போய், பெட்டியை இறக்கி வைத்துவிட்டு அடித்துக்கொண்டதை என் சின்ன வயதில் பார்த்திருக்கிறேன். அப்புறம், ஒப்பாரி வேண்டாம் என்பது சபையில் பெரியவர்கள் காலங்காலமாகச் சொல்வதுதான். அதற்கு அவர்கள் தெசலோனிக்கேயர் நிருபத்தைக் காட்டுவார்கள்: நம்பிக்கையற்றவர்களான மற்றவர்களைப்போலத் துக்கிக்க வேண்டாம். இயேசுவே, மகள் இறந்துபோன யவீருவின் வீட்டுக்குப் போனபோது, அங்கே தாரை ஊதிக்கொண்டும் இரைந்துகொண்டும் இருந்தவர்களை விலகச் சொன்னார், மத்தேயு 9-ஆம் அதிகாரம். இந்த வசனம் ஞாபகம் வந்த அன்று எனக்குப் பெரிய ஆறுதல். மறுநாளே அது கெட்டுப்போனது. அவர் உள்ளே போய் அந்தப் பிள்ளையின் கையைப் பிடித்து எழுப்பினார். நான் யாரை எழுப்பினேன்?

ஆதரவு தேடித்தான் படிக்க ஆரம்பித்தேன், மறைக்க ஒன்றுமில்லை. பாளையங்கோட்டைக்குக் கூட்டத்துக்குப் போகும்போது கிடைத்த புத்தகம், போனில் கிடைத்தது என்று கலந்துகட்டிப் படித்தேன். எங்கே போனாலும் எனக்கு ஒரு சாட்சி கிடைக்கும். அதே இடத்தில் அக்காவுக்கும் ஒன்று கிடைக்கும்.

பைபிளில் உள்ள புலம்பல் புத்தகத்தையே எடுத்துக்கொள்ளுங்கள். இத்தனை வருஷ ஊழியத்தில் நான் அதிலிருந்து பிரசங்கித்ததெல்லாம் மூன்றாம் அதிகாரத்துக் கிருபை வசனம்தான், "அவைகள் காலைதோறும் புதியவைகள்." காலண்டரிலும் அதுதான், துக்க வீட்டுக்கு அச்சடிக்கும் அட்டையிலும் அதுதான். அது ஐந்து அதிகாரங்களுக்கு நட்டநடுவில் இருக்கிற வசனம். கி.மு. 586-ஐ ஒட்டி பாபிலோன் படை எருசலேமை இடித்துப் போட்ட பிறகு பாடியவை அவை. அந்த வசனத்துக்கு முன்னாலும் பின்னாலும் இருப்பது வேறு. ஆண்டவர் பகைஞனைப்போல ஆனார் என்று நேராகவே சொல்கிறது. பசியில் தாய்மார் தங்கள் பிள்ளைகளையே தின்ன வேண்டுமா, இதை யாருக்குச் செய்தீர் என்று பாரும் என்கிறது. ஜெபம் உள்ளே வராதபடி மேகத்தால் உம்மை மூடிக்கொண்டீர் என்றும் இருக்கிறது. மகள் அண்ணன்மாரிடம் கேட்டதைவிட இது எவ்வளவோ கடுமை, கேட்கப்படுகிறவரோ இன்னும் பெரியவர்.

அதன் கட்டுமானம் இன்னொரு விஷயம். முதல், இரண்டாம், நான்காம் அதிகாரங்களில் 22 வசனம், எபிரெய எழுத்து 22-க்கும் ஒவ்வொன்று, ஏறக்குறைய அகரவரிசைப்படியே. மூன்றாம் அதிகாரத்தில் எழுத்துக்கு மூன்று வீதம் 66. ஐந்தாவதிலும் 22 வசனம் உண்டு, ஆனால் எழுத்து வரிசை இல்லை. ஊரே எரிந்து கிடக்கும்போது ஒருவன் உட்கார்ந்து அகரவரிசை பார்த்திருக்கிறான். முன்பு இது எனக்குச் செயற்கையாகப் பட்டது. இப்போது படவில்லை. அக்காவும் மூ-வுக்கு மு, ம-வுக்கு மா என்று மோனை பிசகாமல்தான் பாடினார். அழுகையில் வாய் குளறும்போது அடுத்த சொல்லைக் கொண்டுவந்து கொடுப்பது அந்த எழுத்துதான் போல.

யூதர்கள் ஆலயம் இடிந்த நாளை நினைத்து தங்கள் நாட்காட்டியில் ஆப் என்ற மாதத்தின் ஒன்பதாம் தேதி உபவாசம் இருந்து, தரையிலோ தாழ்ந்த பலகையிலோ உட்கார்ந்து இந்தப் புத்தகம் முழுவதையும் வாசிப்பார்கள். கடைசி வசனம் தேவனுடைய கடுங்கோபத்தில் முடிகிறது. அதோடு விட மனசு வராமல், முந்தின வசனத்தை, எங்களை உம்மிடத்தில் திருப்பிக்கொள்ளும் என்பதை, மறுபடி ஒருமுறை சொல்லி முடிப்பது அவர்கள் வழக்கம். இதைப் படித்ததும் ஒரு துள்ளு துள்ளினேன். பாருங்கள், அவர்களும் கசப்பின்மேல் ஜெபத்தைப் போட்டு மூடுகிறார்கள், நான் செய்ததும் அதுதானே! ஆனால் அவர்கள் முதலில் ஐந்து அதிகாரத்தையும் வாசித்து முடிக்கிறார்கள். நான் ஒரு அடியின் பாதியில் மைக்கை எடுத்தேன்.

அழுகையைப் பார்த்துப் பயப்படுவது நம் சபைப் பெரியவர்களோடு ஆரம்பித்ததில்லை. கி.மு. 6-ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் ஏதென்ஸில் சோலோன் போட்ட சட்டங்களில் சாவு வீட்டு அழுகைக்கும் கட்டுப்பாடு உண்டு. பெண்களின் புலம்பல் பழிவாங்கத் தூண்டிவிடும் என்ற பயம்தான் காரணம் என்று சில அறிஞர்கள் சொல்கிறார்கள். நாற்காலி பறக்கும் என்று நான் பயந்ததும் அதேதான். அயர்லாந்தில் 17, 18-ஆம் நூற்றாண்டுகளில் கத்தோலிக்க ஆயர் மன்றங்கள் இழவு வீட்டில் பாடி அழும் வழக்கத்தைத் தடுத்து ஆணை போட்டன. அந்தப் பாதிரிமார் என் கட்சிக்காரர்கள். அவர்கள் தடுத்த நாட்டிலேயே, 1773-இல் ஐலீன் என்ற பெண் தன் கணவன் ஆர்ட் ஓ'லியரிக்காகப் பாடிய புலம்பல் இன்றுவரை நிற்கிறது. ஐந்து பவுண்டுக்குக் குதிரையைக் கொடு என்று கேட்டவனோடு வந்த தகராறில் அவன் சுட்டுக் கொல்லப்பட்டான். அவள் அந்த ஆளின் பெயரைச் சொல்லியே சபிக்கிறாள். அதே பாட்டில் நாத்தனார், புருஷன் செத்துக் கிடக்க நீ படுக்கப் போய்விட்டாயே என்று குத்துகிறாள். பிள்ளைகளைத் தூங்க வைக்கப் போனேன் என்று இவள் பாட்டிலேயே பதில் கொடுக்கிறாள். வள்ளியூர் பக்கத்தில் எந்தக் கேத வீட்டிலும் இதைக் கொண்டுவந்து உட்கார வைக்கலாம்.

நம் பாரிமகளிர் மட்டும் என்ன? "வென்றெறி முரசின் வேந்தர்" எங்கள் குன்றையும் எடுத்துக்கொண்டார்கள், எங்களுக்குத் தகப்பனும் இல்லை என்கிறார்கள். ஐந்தே அடி. மூவேந்தரின் வெற்றி எப்படிப்பட்டது என்று கபிலருக்கும் தெரியும், கேட்டவர்களுக்கும் தெரியும். பந்தலில் தொங்குகிற பாகற்காயைப் பற்றி இரண்டு பெண்கள் ஒப்பாரியிலேயே பேசிக்கொள்ளும் பழைய வேடிக்கைக் கதை எல்லோருக்கும் தெரிந்ததுதான். சிரிக்கிறோம். ஆனால் ஒப்பாரியில் செய்தி போகும் என்று ஊருக்குத் தெரிந்திருந்தால்தானே அதில் சிரிக்க முடியும்.

சரி, இப்போது அந்தப் பாதி அடிக்கு வருகிறேன். பத்திரம். அம்மா மூத்தவர் பெயருக்கு எழுதிக்கொடுத்த அந்தச் செட்டில்மென்ட் பத்திரத்தில் இரண்டு சாட்சிக் கையெழுத்து உண்டு. ஒன்று என்னுடையது. உபதேசியார் கையெழுத்து போட்டால் நாளைக்கு ஒரு பேச்சு வராது என்று கூப்பிடுவார்கள். நான் எத்தனையோ பேருக்குப் போட்டிருக்கிறேன். ரிஜிஸ்டர் ஆபீசில் சார்பதிவாளர் கேட்டபோது அம்மா தெளிவாகத்தான் "ஆமா" என்றார். கைநாட்டு வைத்துவிட்டு மை ஒட்டின விரலைச் சுவரில் தேய்த்துக்கொண்டே, மகளுக்குப் பனைவிளையைக் கொடுக்கணும் என்று என்னிடம் சொன்னார். மூத்தவர், அதெல்லாம் பார்த்துக்கலாம் என்றார். அது மகனுக்கும் தாய்க்கும் உள்ள பேச்சு என்று நான் விட்டுவிட்டேன். இன்றைக்குக் கூப்பிட்டாலும் அப்படித்தான் விடுவேன். சாட்சி என்பவன் கையெழுத்துக்குச் சாட்சி, குடும்பத்துக்கு இல்லை.

மைக்கை எடுத்தபோது இது என் மனதில் இல்லை என்றுதான் நம்புகிறேன். மூத்தவர் கேட்டார், சண்டை வரும் என்று பட்டது, ஆரம்பித்தேன். ஆனால் அவர் முதலில் கேட்டபோது ஐயர் வரட்டும் என்றுதானே சொன்னேன்? எண்ணெய்க்கும் கட்டிலுக்கும் வராத அவசரம் பத்திரம் என்ற சொல்லுக்கு எப்படி வந்தது? ஒப்பாரியின் கணக்குப்படி அடுத்த வரி ப-விலோ பா-விலோ ஆரம்பித்திருக்க வேண்டும். பைக்கில் போகும்போது நான் எழுதிப் பார்க்கிறேன். "பனைவிளையும் கேட்டியே" என்று வரலாம், "பாத்துக்கிட்டு நின்னாகளே" என்றும் வரலாம். இரண்டாவதாக இருந்தால் பார்த்துக்கொண்டு நின்றது யார்?

"கேக்க வேண்டியவங்களுக்குக் கேட்டுட்டு" என்று அக்கா சொன்னதை முதலில் எனக்குக் கொடுத்த அனுமதியாக எடுத்துக்கொண்டேன். என் வேலை முடிந்தது, இனி நீங்கள் உங்கள் வேலையைப் பாருங்கள் என்கிற மாதிரி. கோபம் அந்தக் குரலில் இல்லை. அதை வைத்துக்கொண்டு கொஞ்ச நாள் நிம்மதியாக இருந்தேன். கேட்க வேண்டியவர்களில் நானும் ஒருவனோ என்பது அப்புறம்தான் உறைத்தது. இதையும் உறுதியாகச் சொல்ல முடியாது. அக்கா ஞாயிறு தவறாமல் கோயிலுக்கு வருகிறார், தோத்திரம் உபதேசியாரே என்கிறார், எப்போதும் போல. நாற்பதாம் நாள் கழிந்து மூத்தவர் ஆள் விட்டு அந்தத் தொழுவை இடித்தார். ஒப்பாரி குத்தியதாலா, கார் நிறுத்த இடம் வேண்டியதாலா, தெரியவில்லை. பனைவிளை இன்னும் அவர் பெயரில்தான் இருக்கிறது.

பைபிளில், எல்லாவற்றையும் இழந்து கிடந்த யோபுவின் நண்பர்கள் வந்து ஏழு நாள் இரவும் பகலும் ஒரு வார்த்தை பேசாமல் தரையில் உட்கார்ந்திருந்தார்கள். அதுவரைக்கும் அவர்கள்மேல் ஒரு குற்றமும் இல்லை, வாயைத் திறந்த பிறகுதான் எல்லாம். ஆனால் எனக்குச் சபையில் சம்பளம் கொடுப்பது வாயைத் திறப்பதற்கு.

போன மாதம் இன்னொரு கேத வீடு. அக்காவுக்குத் தூரத்துச் சொந்தம். உள்ளே போகும் முன் வாசலில் நின்று என்னிடம் கேட்டார்: "மைக் செட்டு வந்துட்டா உபதேசியாரே?"

"இன்னும் இல்லக்கா."

"அப்பச் சரி" என்று முந்தானையைச் செருகிக்கொண்டு உள்ளே போனார். கொஞ்ச நேரத்தில் பையன் லோடு ஆட்டோவில் பெட்டிகளோடு வந்து இறங்கினான். அவன் கையில் காசைக் கொடுத்து, முக்குக் கடையில் டீ குடித்துவிட்டு மெதுவாக வாடே என்று அனுப்பிவிட்டேன். கமிட்டிக்காரர் ஒருவர் என்னை ஒரு மாதிரிப் பார்த்தார், பார்க்கட்டும் என்று இருந்தேன். இனி எல்லா வீட்டிலும் இப்படித்தான் செய்வேனா என்றால், சொல்ல முடியாது. அந்த வீட்டுப் பத்திரம் எதிலும் என் கையெழுத்து இல்லை.