120 சொல்

2019 அக்டோபரில் சாக்ரமெண்டோ கிங்ஸும் இண்டியானா பேசர்ஸும் மும்பைக்கு ஆட வந்தன. அமெரிக்கக் கூடைப்பந்து லீக்கான என்.பி.ஏ.வின் ஆட்டங்கள் இந்தியாவில் நடந்தது அதுவே முதல் முறை. நான் அப்போது ஒரு நாளிதழின் விளையாட்டு டெஸ்க்கில் இருந்தேன். கிங்ஸ் வரலாற்றை 120 சொல்லில் பெட்டிச் செய்தியாகக் கேட்டார்கள். "1985இல் சாக்ரமெண்டோவில் உருவான அணி" என்று ஆரம்பித்து அரை மணி நேரத்தில் கொடுத்துவிட்டேன்.

தலைமைத் துணையாசிரியர் படித்துவிட்டு, "அப்போ 1951 பட்டம் யாரோடது தம்பி?" என்றார்.

தேடிப் பார்த்தபோது வெட்கமாகிவிட்டது. அந்த ஆண்டு இறுதித் தொடரில் நியூயார்க் நிக்ஸை 4-3 ஆட்டக் கணக்கில் வென்றது ராச்செஸ்டர் ராயல்ஸ். அதே அணிதான் இது. 1957இல் சின்சினாட்டிக்குப் போனது. 1972இல் கான்சாஸ் சிட்டிக்கு. முதலில் ஒமாஹா நகருக்கும் சேர்த்து அதுவே அணி. கான்சாஸ் சிட்டியில் ராயல்ஸ் என்று ஒரு பேஸ்பால் அணி ஏற்கெனவே இருந்ததால் பெயர் கிங்ஸ் ஆனது. 1985 என்பது கடைசியாகச் சாமான் ஏற்றிய வருஷம், அவ்வளவுதான். இத்தனை ஊர் சுற்றியும் அந்த என்.பி.ஏ. பட்டத்துக்கு இன்னும் ஒரு துணை வரவில்லை.

திருத்தி எழுதும்போதுதான், அணி சின்சினாட்டியில் இருந்த காலத்தில் ஆடிய மாரிஸ் ஸ்டோக்ஸைப் பற்றிப் படித்தேன். 1958 மார்ச்சில் ஓர் ஆட்டத்தில் கீழே விழுந்து தலையில் அடி. நினைவு திரும்பியதும் மறுபடி ஆடினார். மூன்று நாள் கழித்து இன்னோர் ஆட்டம் முடிந்து விமானத்தில் வரும்போது நிலைகுலைந்தவர், உடல் செயலிழந்து முடங்கிப்போனார். வயது 24. சக ஆட்டக்காரர் ஜாக் ட்வைமன் சட்டப்படி அவருக்குக் காப்பாளராகி, நிதி திரட்டி, 1970இல் ஸ்டோக்ஸ் இறக்கும்வரை பார்த்துக்கொண்டார். ஒருவர் கறுப்பர், இன்னொருவர் வெள்ளையர். அது 1950களின் அமெரிக்கா. ட்வைமனும் அப்போது இருபதுகளில் இருந்த பையன்தான்.

ஆனால் பெட்டியில் இடம் இல்லை. உரிமையாளர் விவேக் ரணதிவே மும்பையில் பிறந்தவர், அதை விட முடியாது. அதே சின்சினாட்டி அணியின் ஆஸ்கர் ராபர்ட்சன் 1961-62 சீசனில் ஆட்டத்துக்குச் சராசரியாக 30.8 புள்ளி, 12.5 ரீபவுண்ட் (கூடையில் விழாத பந்தைப் பிடிப்பது), 11.4 அசிஸ்ட் (சக வீரர் புள்ளி எடுக்கப் பந்து கொடுப்பது) எடுத்ததையும் விட முடியாது. ஸ்டோக்ஸை நானேதான் வெட்டினேன். டெஸ்க் வேலையில் இது தினமும் நடப்பதுதான், ஆனாலும் அன்று கை கொஞ்சம் தயங்கியது.

2023இல் கிங்ஸ் 16 சீசன் வறட்சிக்குப் பின், பட்டத்துக்கான சுற்றான ப்ளே-ஆஃபுக்குள் நுழைந்தபோது அதே பெட்டி மறுபடி என் மேஜைக்கு வந்தது. இந்த முறை ராபர்ட்சனின் எண்களை எடுத்துவிட்டு ஸ்டோக்ஸையும் ட்வைமனையும் வைத்தேன். பக்கம் வடிவமைப்பவர் எட்டிப் பார்த்து, "புள்ளிவிவரம் ஒண்ணுமே இல்லையே சார்?" என்றார். 1958, 24 என்று இரண்டு இருக்கிறதே என்றேன்.