லிங்கனின் காப்புரிமைப் படகு: காற்றுப்பெட்டிகள் ஒருவழியாக நீரில் விரிந்தன

ஆபிரகாம் லிங்கன் 1849 மே 22 அன்று பெற்ற 6469ஆம் எண் காப்புரிமையின் வரைபடத்தை வைத்து நான் செய்துவரும் மாதிரிப் படகு, இந்த வாரம் தொட்டித் தண்ணீரில் தன் காற்றுப்பெட்டிகளாலேயே மேலெழுந்தது. கணக்குப்படி 1 செ.மீ. எழ வேண்டியது 7 மி.மீ. எழுந்தது, அதற்கே எனக்குத் தலைகால் புரியவில்லை.

1831இல் சங்கமன் ஆற்றின் நியூ சேலம் அணையில் மாட்டிக்கொண்ட சரக்குப் படகில் இருந்தவர் லிங்கன். பின்னர் ஸ்பிரிங்ஃபீல்டில் வழக்கறிஞராகி, இல்லினாய் மாநிலத்தின் சார்பில் அமெரிக்க நாடாளுமன்றமான காங்கிரஸின் உறுப்பினராக வாஷிங்டன் சென்றுவந்த காலத்தில்தான், ஆழம் குறைந்த இடத்தில் சரக்கை இறக்காமலே படகைத் தூக்கும் இந்த அமைப்பைத் தீட்டினார். காப்புரிமை பெற்ற ஒரே அமெரிக்க அதிபர் அவர்தான். அவர் அனுப்பிய மர மாதிரி ஸ்மித்சோனியன் அருங்காட்சியகத்தில் இருக்கிறது.

என் படகின் உடல் 45 செ.மீ. நீளம், 12 செ.மீ. அகலம், பால்சா மரம்; அதில் சிக்கல் இல்லை. படகின் இருபுறமும் மேல்பலகைக்கும் அடிப்பலகைக்கும் நடுவே நீர்புகாத் துணியை ஒட்டி, ஆர்மோனியத் துருத்தி போல விரியும் பெட்டி அமைக்க வேண்டும். லிங்கன் ரப்பர் பூசிய துணியைக் குறிப்பிடுகிறார். நான் குடைத்துணியை பஞ்சர் சொல்யூஷனால் ஒட்டினேன். வெளிச்சத்துக்கு எதிரே பிடித்துப் பார்க்காமல் குடைத்துணி வாங்காதீர்கள். ஒரு கடையில் எனக்குக் கொடுத்த துணி முழுக்க ஊசிமுனை ஓட்டைகள்.

நாள்களைத் தின்றது கயிறுதான். நடுத்தண்டைத் திருகினால் செங்குத்துத் தண்டுகள் இறங்கி அடிப்பலகையை நீருக்குள் அமுக்க வேண்டும். ஆனால் கயிறு இழுக்குமே தவிரத் தள்ளாது. ஆகவே தண்டின் உச்சியிலிருந்து நூலைக் கீழே இறக்கி, தளத்திலுள்ள கப்பி வழியே நடுத்தண்டுக்குக் கொண்டுபோக வேண்டியிருந்தது. பெட்டி விரிந்தபின் ஒவ்வொரு பக்கமும் ஏறத்தாழ 270 கிராம் விசையோடு மேலே உதைப்பதால், தூண்டில் நரம்பு வழுக்கிக்கொண்டே இருந்தது. செருப்புத் தைக்கும் மெழுகு நூலுக்கு மாறி, நடுத்தண்டில் துளையிட்டு முடிச்சிட்டதும் வழுக்கல் நின்றது.

அதன்பின் தண்டுகள் இறுகின. ஒரு நூல் சற்றே தளர்ந்தாலும் அடிப்பலகை சாய்ந்து தண்டு துளையில் சிக்கிக்கொள்ளும். தண்டுகளாகச் சைக்கிள் ஸ்போக்குகளைப் போட்டிருந்ததால் வழி பிறந்தது: மரையுள்ள முனையை மேலே வைத்து நிப்பிளை (ஸ்போக்கின் முனையில் ஏறும் சிறு திருகுமூடி) திருகி, அதன் தலைப் பள்ளத்தில் நூலை ஏற்றி இருபுறமும் இறக்கினேன். நிப்பிளை அரைச் சுற்று திருகினால் ஏறத்தாழ கால் மி.மீ. இறுக்கம் கிடைக்கிறது. இவ்வளவு நுட்பமாக நூலை இறுக்க வேறு எளிய கருவி எதையும் நான் கண்டதில்லை.

இதைக் கையால் திருகிப் பார்த்தபின் ஒன்று தெளிவாகிறது. இந்த அமைப்பு கடைசிவரை வணிகத்துக்கு வராததற்கு அதன் கூடுதல் எடை ஒரு காரணம் என்பார்கள். மிதக்கும் விசை முழுவதையும் கயிறும் தண்டும் தாங்க வேண்டியிருப்பதும் அதற்குக் குறையாத தடை என்பது என் கருத்து.

எழாத 3 மி.மீ. துணி உட்குழிவதால் போகிறது. பெட்டிக்குள் கம்பிச் சட்டம் வைக்கப்போகிறேன். வண்ணப்பூச்சு இன்னும் தொடங்கவில்லை. அதற்குள் அடுத்த மாதிரிக்கு மரம் அறுத்துவிட்டேன்: 1856இல் எஃபி ஆஃப்டன் நீராவிப் படகு மோதிய, மிசிசிப்பி ஆற்றின் ராக் ஐலண்ட் ரயில் பாலம். படகுக்காரர்கள் தொடுத்த வழக்கில் மறுஆண்டு சிகாகோவில் பாலத்தின் தரப்பில் வாதாடிய லிங்கன், அங்கே ஓடும் நீரோட்டத்தின் வேகத்தையே ஆராய்ந்து வாதிட்டார். நடுவர் குழு (ஜூரி) ஒருமித்த முடிவுக்கு வரவில்லை. தூண்களைச் சுற்றித் தண்ணீர் எப்படி வளைகிறது என்று பார்க்கச் சாயம் கலந்த நீரை ஓடவிடும் எண்ணம். அதற்குத் தோதான சிறிய பம்ப் தேடிக்கொண்டிருக்கிறேன்.